மைதானத்தில் தக்காளிச் செடி

கொல்லையில் தக்காளி போடுவார்கள். மொட்டை மாடியில் தொட்டி வைத்துப் போடுகிறவர்களும் உண்டு. ஐம்பதாயிரம் பேருக்கு மேல் உட்கார்ந்து ஆட்டம் பார்க்கும் மைதானத்தில் யாராவது தக்காளி போடுவார்களா?

போட்டார்கள்! அமெரிக்காவில் பால்டிமோர் நகரத்து மெமோரியல் ஸ்டேடியத்தில், இடது பக்கக் கோட்டுக்கு வெளியே ஒரு மூலையில், 1970-களில் தக்காளிச் செடிகள் வளர்ந்து காய்த்துக் குலுங்கின. அவற்றைப் பயிரிட்டவர்கள் இரண்டு பேர். ஒருவர், மைதானத்தின் புல் தரையைப் பராமரிக்கும் பாட் சாண்டரோன். அவர் செய்தால் அதில் அதிசயமில்லை. இன்னொருவர் யார் என்பதுதான் வேடிக்கை. அந்த மைதானத்தைச் சொந்தக் களமாகக் கொண்ட ஓரியோல்ஸ் என்ற பேஸ்பால் குழுவின் மானேஜர், ஏர்ல் வீவர். 'யாருடைய தக்காளி பெரிது?' என்று இருவருக்கும் வருஷா வருஷம் போட்டி. ஆட்டத்தில் தோற்றால் வந்த கோபத்துக்குக் குறையாத கோபம், தக்காளியில் தோற்றாலும் வீவருக்கு வந்திருக்க வேண்டும். அவருடைய சுபாவம் அப்படி.

இந்தத் தக்காளிச் சிநேகிதம் பால்டிமோரில் ஆரம்பித்ததல்ல. நியூயார்க் ராஜ்யத்தில் எல்மைரா என்ற சின்ன ஊரில், இரண்டு பேரும் சொற்பச் சம்பளத்தில் காலம் தள்ளிக்கொண்டிருந்த நாட்களில் முளைத்தது. நான் சொல்லப் போவது அந்தச் சின்ன ஊர்க் கதையைத்தான்.

"பேஸ்பாலா? நமக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்? ஏதாவது உருப்படியாக எழுதக் கூடாதா?" என்று என் வீட்டிலேயே ஒரு குரல் கேட்டாயிற்று. நியாயமான கேள்விதான். ஆனால் இருபது வருஷம் வாசற்படியிலேயே நின்றுவிட்டுப் பிறகு உள்ளே போன ஒரு மனிதரையும், உள்ளே போகிற அன்றைக்கே கதவு மூடிக்கொண்டுவிட்ட ஒரு பிள்ளையையும் பற்றிய கதை இது. பேஸ்பால் தெரியாவிட்டாலும் பாதகமில்லை. வேண்டிய அளவுக்கு நானே சொல்லிவிடுகிறேன்.

அமெரிக்காவில் பேஸ்பால் ஆட்டத்துக்கு ஒரு மாடிப்படி உண்டு. உச்சியில் இருப்பது பெரிய லீக். பத்திரிகையில் படம் வருவதும், பணம் கொட்டுவதும் அங்கேதான். அதற்குக் கீழே இருப்பவை சின்ன லீகுகள். பெரிய குழு ஒவ்வொன்றும் கீழே பல ஊர்களில் சின்னக் குழுக்களை வைத்துக்கொண்டு பிள்ளைகளைப் பழக்கும். அந்த நாளில் அந்தப் படிகளுக்கு 'டி', 'சி', 'பி', 'ஏ' என்று எழுத்துக்களால் பெயர். அதற்கும் மேலே இரட்டை ஏ, மூன்று ஏ. 1949-இல் இப்படி 59 சின்ன லீகுகள் இருந்தன. அந்த ஒரு வருஷத்தில் அவற்றை டிக்கட் வாங்கிப் பார்த்தவர்கள் ஏறக்குறைய நாலு கோடிப் பேர்! பிறகு டெலிவிஷன் வந்தது. வீட்டில் உட்கார்ந்தபடியே பெரிய ஆட்டத்தைப் பார்க்கலாம் என்றான பிறகு சின்ன ஊர் ஆட்டத்தை யார் சீந்துவார்கள்? லீகுகள் ஒன்றன்பின் ஒன்றாகப் படுத்துவிட்டன. 2021-லிருந்து பெரிய குழுக்களோடு சேர்ந்த சின்னக் குழுக்கள் மொத்தம் 120தான்.

அந்தப் படிகளில் ஏறுவதற்குப் பிள்ளைகள் படும் பாடு கொஞ்சமல்ல. இரவெல்லாம் பஸ்ஸில் பிரயாணம்; காலையில் ஏதோ ஒரு ஊரில் மலிவான ஹோட்டல்; மாலையில் ஆட்டம்; மறுபடியும் பஸ். கீழ்ப்படிகளில் மானேஜரே பஸ்ஸை ஓட்டிக்கொண்டு போவதும் உண்டு. பேஸ்பாலில் மானேஜர் என்றால் நாற்காலியில் உட்கார்ந்து கையெழுத்துப் போடுகிறவர் இல்லை. ஆட்டக்காரர்களைப் போலவே உடுப்புப் போட்டுக்கொண்டு மைதானத்து ஓரத்தில் நின்று, யார் ஆட வேண்டும், யார் பந்து எறிய வேண்டும் என்று தீர்மானிக்கிறவர். சின்ன ஊரில் அவரே உபாத்தியாயர், அவரே வைத்தியர், சமயத்தில் தாயாரும் அவரேதான்.

ஏர்ல் வீவர் 1930-ஆம் வருஷம் ஆகஸ்டு 14-ஆம் தேதி செயின்ட் லூயிஸ் நகரத்தில் பிறந்தார். அவருடைய தகப்பனார் சலவைக் கடை வைத்திருந்தார். சாதாரணச் சலவைக் கடையல்ல. அந்த ஊரின் பெரிய குழுக்களான கார்டினல்ஸ், பிரவுன்ஸ் இரண்டின் உடுப்புகளும் அவரிடம்தான் வெளுக்க வரும். பையனுக்கு வேறென்ன வேண்டும்? பெரிய பெரிய ஆட்டக்காரர்களின் சேறு படிந்த சட்டைகளைக் கையால் தொட்டுப் பார்த்துக்கொண்டே வளர்ந்தான். 'ஒரு நாள் இதே சட்டையை நானும் போட்டுக்கொள்வேன்' என்று அவன் நினைத்திருக்க மாட்டானா?

நினைத்தது கிட்டே வரைக்கும் வந்துவிட்டது. 1948-இல், பதினேழாவது வயதில், கார்டினல்ஸ் குழு அவனைச் சேர்த்துக்கொண்டது. சேர்த்துக்கொண்டு எங்கே அனுப்பியது என்கிறீர்கள்? இல்லினாய் ராஜ்யத்தில் வெஸ்ட் பிராங்பர்ட் என்ற சிற்றூருக்கு. 'டி' வகுப்பு. அடிமட்டப் படி. பையன் குள்ளம், ஐந்தடி ஏழு அங்குலத்துக்கு மேல் இல்லை. ஓட்டத்தில் வேகம் போதாது. எறிவதில் பலம் போதாது. ஆனால் ரோஷம் மட்டும் ஏராளம்! அந்த ரோஷத்தை வைத்துக்கொண்டே நாலு வருஷத்தில் படிப்படியாக மேலே வந்தார்.

1952-ஆம் வருஷம் வசந்த காலப் பயிற்சி முகாமுக்குப் பெரிய குழுவோடேயே அவரை அழைத்தார்கள். முகாமில் நன்றாகவும் அடித்தார். அவர் ஆடும் இடம் இரண்டாம் பேஸ். அந்த வருஷம் கார்டினல்ஸுக்குப் புது மானேஜராக வந்தவர் எட்டி ஸ்டாங்கி. அவரும் ஆட்டக்காரர்தான்; அவர் ஆடுவதும் இரண்டாம் பேஸ்தான்! ஒரு இடம் மீதி இருந்தது. மானேஜர் அந்த இடத்தில் யாரை வைத்துக்கொண்டிருப்பார் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தம்மையே வைத்துக்கொண்டார். வீவர் மறுபடியும் கீழே அனுப்பப்பட்டார். அப்பா வெளுத்துக் கொடுத்த அந்தச் சட்டையை, கணக்கில் சேரும் ஓர் ஆட்டத்தில்கூடப் பிள்ளை போட்டுக்கொள்ளவில்லை.

இதற்குப் பிறகு நடந்ததைச் சுருக்கமாகவே சொல்லலாம். மனம் தளர்ந்தது, ஆட்டமும் தளர்ந்தது. டென்வர், நியூ ஆர்லியன்ஸ் என்று ஊர்கள் மாறின. பேஸ்பால் சம்பளம் கோடைகாலத்தோடு சரி. குளிர்காலத்தில் குடும்பம் பட்டினி கிடக்க முடியுமா? மனைவி இருந்தாள், குழந்தைகள் இருந்தன. கிடைத்த வேலையைச் செய்தார். எல்மைராவில் இருந்த நாட்களில் பழைய கார் விற்றுக்கூடப் பிழைத்திருக்கிறார்.

1956-இல் நாக்ஸ்வில் என்ற ஊரில் ஆடிக்கொண்டிருந்தபோது, அங்கிருந்த மானேஜரை நடுவில் விலக்கிவிட்டு, "நீயே பார்த்துக்கொள்" என்று வீவரிடம் பொறுப்பைக் கொடுத்தார்கள். குழுவோ படு மோசம். அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து, இருபத்தாறுதான். சாதாரணமாக அந்த வயதில் ஒருவனுக்குத் தன்னைப் பற்றிய கனவு கலையாது. கலைந்தாலும் ஊரில் உள்ளவர்கள்மேல் பழி போடுவான். மானேஜர் சரியில்லை, அதிர்ஷ்டம் சரியில்லை என்பான். வீவர் ஒரு விஷயத்தைத் தமக்குத் தாமே ஒப்புக்கொண்டார்: 'நான் பெரிய லீகில் ஆடத் தகுந்தவன் இல்லை.' இப்படித் தம் குறையைத் தாமே பார்த்து ஒப்புக்கொண்ட பிறகுதான் மற்றவர்களின் குறையும் புரிந்தது, ஒருவனால் என்ன முடியாது என்பதை விட்டுவிட்டு என்ன முடியும் என்று பார்க்கக் கற்றுக்கொண்டேன் என்று பிற்காலத்தில் அவர் சொல்லியிருக்கிறார்.

சொல்வது சுலபம். வீட்டில் நாம் எத்தனை பேர் இப்படிப் பார்க்கிறோம்? கணக்குப் போட வராத பிள்ளையிடம் கணக்கைத்தான் காலையும் மாலையும் கேட்கிறோம். சரி, கதைக்கு வருவோம்.

1957-இல் பால்டிமோர் ஓரியோல்ஸ் அவருக்கு வேலை கொடுத்தது, மறுபடியும் அடிமட்டத்தில். ஜார்ஜியாவில் பிட்ஸ்ஜெரால்டு, 'டி' வகுப்பு. மறு வருஷம் அதே ராஜ்யத்தில் டப்ளின், அதுவும் 'டி'. 1959-இல் தெற்கு டகோட்டாவில் அபர்டீன், 'சி'. 1960-இல் விஸ்கான்ஸினில் பாக்ஸ் சிட்டீஸ், 'பி'. 1962-லிருந்து நாலு வருஷம் எல்மைரா. 1966-லும் 67-லும் ராச்செஸ்டர், மூன்று ஏ. ஒரு படியைக்கூட அவர் தாண்டிக் குதிக்கவில்லை. இரண்டாம் வகுப்பில் தேறாத பிள்ளையை மறுபடியும் ஒன்றாம் வகுப்பில் உட்கார வைத்ததுபோல, ஆட்டக்காரராக ஏறி இறங்கிய படிகளை உபாத்தியாயராக அடியிலிருந்து மறுபடியும் ஏறினார்.

இதற்கு வீட்டில் கொடுத்த விலையும் உண்டு. வருஷத்தில் பாதி நாள் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருக்கும் மனிதரோடு குடித்தனம் நடத்துவது எப்படி? மூன்று குழந்தைகள் பிறந்த பிறகு, 1960-களின் ஆரம்பத்தில் முதல் மண வாழ்க்கை முறிந்துவிட்டது. 1964-இல் அவர் மறுபடியும் மணம் செய்துகொண்டார். அந்த முதல் மனைவியின் கதையை யாரும் எழுதக் காணோம். பேஸ்பால் புத்தகங்களில் ஓட்டங்களுக்குக் கணக்கு உண்டு. காத்திருந்த ராத்திரிகளுக்குக் கணக்கு இல்லை.

இனி, அந்தப் பிள்ளையின் கதை.

பெயர் ஸ்டீவ் டல்கௌஸ்கி. கனெக்டிகட் ராஜ்யத்தில் நியூ பிரிட்டன் என்ற ஊர். கண்ணாடி போட்ட, அடக்கமான, இடது கைப் பையன். 1957-இல் பள்ளிக்கூடம் முடித்ததும் ஓரியோல்ஸ் அவனை 4,000 டாலர் கொடுத்துச் சேர்த்துக்கொண்டது. அவனிடம் இருந்தது ஒரே ஒரு வித்தை: வேகம். அவன் எறிந்த பந்துக்கு இணையான வேகத்தைத் தாங்கள் பார்த்ததில்லை என்று, அந்தக் காலத்தில் அவன் பந்தைப் பார்த்தவர்கள் கடைசி வரை சாதித்திருக்கிறார்கள்.

அவனிடம் இல்லாதது என்ன என்று புரிய வேண்டுமானால் ஒரு சின்ன விளக்கம் அவசியம். பேஸ்பாலில் பந்து எறிபவர் அறுபதடி ஆறு அங்குலத் தூரத்தில் நிற்பார். கிரிக்கெட்டைப்போல் பந்து தரையில் குத்தி எழும்பாது, நேரே வரும். அடிப்பவரின் பக்கத்தில் தரையோடு தரையாக ஒரு பலகை பதித்திருக்கும். அகலம் 17 அங்குலம். அந்தப் பலகைக்கு நேர் மேலே, அடிப்பவரின் முழங்காலுக்கும் மார்புக்கும் நடுவே பந்து போக வேண்டும். போனால் 'ஸ்ட்ரைக்', மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அடிப்பவர் அவுட். தப்பிப் போனால் 'பால்'. நாலு பால் ஆனால் அடிப்பவர் மட்டையைப் போட்டுவிட்டுச் சும்மா நடந்தே முதல் பேஸுக்குப் போய்விடலாம். அதற்கு 'வாக்' என்று பெயர். ஆக, சேதி இவ்வளவுதான்: வேகம் இருந்தால் மட்டும் போதாது, அந்த 17 அங்குலத்துக்குள் போட வேண்டும்.

டல்கௌஸ்கியின் பந்து 17 அங்குலத்துக்குள் போகவில்லை. சில சமயம் காட்சருக்குப் பின்னால் இருந்த வலைக்குப் போயிற்று. சில சமயம் வலைக்கும் மேலே போயிற்று! முதல் வருஷம் கிங்ஸ்போர்ட் என்ற ஊரில் 62 இன்னிங்ஸ் எறிந்தான். 121 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தான். பிரமாதம்! ஆனால் 129 பேரை நடக்கவிட்டான். 1960-இல் கலிபோர்னியாவில் ஸ்டாக்டன் என்ற ஊரில் 170 இன்னிங்ஸ். அவுட் ஆக்கியது 262 பேர். நடக்கவிட்டது? அதுவும் சரியாக 262! இந்தக் கையால் கொடுத்ததை அந்தக் கையால் வாங்கிக்கொண்ட கணக்கு.

1958-இல் அவனுடைய வேகத்தை அளந்துவிடுவது என்று ராணுவத்தின் ஆயுதச் சோதனைச் சாலை ஒன்றுக்கு அழைத்துப் போனார்கள். அங்கே இருந்த கருவியில் ஒரு சின்ன இடைவெளி. அதன் வழியாகப் பந்து போனால்தான் வேகம் தெரியும். அது வழியாகப் போனால்தானே! எறிந்தான், எறிந்தான், சுமார் நாற்பது நிமிஷம் எறிந்தான். கடைசியில் ஒரு பந்து உள்ளே நுழைந்தபோது கை சோர்ந்துவிட்டது. முதல் நாள்தான் ஒரு முழு ஆட்டம் எறிந்திருந்தான் வேறு. அப்படியும் மணிக்கு 93.5 மைல் வந்தது. சோராமல் இருந்தபோது எவ்வளவு என்பது பரமசிவனுக்குத்தான் வெளிச்சம்.

இப்படிப்பட்ட பிள்ளையை யாராவது சும்மா விடுவார்களா? பார்த்த ஒவ்வொரு பெரியவரும் ஒரு யோசனை சொன்னார். காலை இப்படி வை, தோளை அப்படித் திருப்பு, மெதுவாக எறி, இந்தப் பந்தையும் பழகு, அந்தப் பந்தையும் பழகு. மரச் சட்டம் ஒன்றை நட்டு அதற்குள் எறியச் சொன்னார்கள். பலகைக்கு இரண்டு பக்கமும் இரண்டு பேரை நிறுத்தி, "நடுவில் போடு" என்றார்கள். தலைக்கு ஒரு புத்தி சொன்னார்கள். பையன் நல்லவன், எல்லோருக்கும் தலையாட்டினான். பிறகு ராத்திரியில் போய்க் குடித்தான். சின்ன வயதிலேயே அந்தப் பழக்கம் பிடித்துக்கொண்டுவிட்டது.

1959-இல் அபர்டீனில் வீவரிடமே அவன் சில காலம் இருந்தான். ஒரு ஆட்டத்தில் 21 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்து, எதிராளிகளுக்கு ஒரு 'ஹிட்' கூட இல்லாமல் அடித்தான். அடுத்த ஆட்டங்களில் பழைய குருடி கதவைத் திறடி. அந்தத் தடவை வீவருக்கும் வழி தெரியவில்லை. மூன்று வருஷம் கழித்து, 1962-இல் எல்மைராவில் அதே பையன் மறுபடியும் அவரிடம் வந்து சேர்ந்தான்.

எல்மைராவில் வீவர் ஒரு காரியம் செய்தார். ஆட்டக்காரர்கள் எல்லோருக்கும் புத்திக்கூர்மைப் பரீட்சை ஒன்று வைக்கச் சொன்னார். டல்கௌஸ்கியின் மார்க் மிக மிகக் குறைவாக வந்தது. எனக்கு இந்தப் பரீட்சைகளில் பெரிய நம்பிக்கை கிடையாது. ஒரு மணி நேரக் காகிதம் ஒரு மனிதனின் மண்டைக்குள் இருப்பதை எல்லாம் எடுத்துக் காட்டிவிடும் என்றால் வீட்டுக்கு வீடு அதையே மாட்டி வைத்துவிடலாம். வேறு யாராவது என்றால் அந்த மார்க்கைக் காட்டி, "இவன் தேற மாட்டான்" என்று பையனை ஊருக்கு அனுப்பியிருப்பார்கள். வீவர் அதை வேறு விதமாகப் படித்தார். 'தப்பு இவனிடம் இல்லை. ஐந்து வருஷமாக ஆளுக்கொரு யோசனை சொல்லி இவனைக் குழப்பியிருக்கிறோம். இவனால் ஒன்றிரண்டு விஷயங்களைத்தான் மனத்தில் வைத்துக்கொள்ள முடியும். ஆகவே ஒன்றிரண்டு விஷயங்களைத்தான் சொல்ல வேண்டும்!'

மற்ற எல்லா யோசனைகளையும் நிறுத்தினார். "இரண்டே வகைப் பந்து எறி. ஒன்று வேகப் பந்து. இன்னொன்று கொஞ்சம் விலகிப் போகும் பந்து. பலகைக்கு நடுவில் போடப் பார். வேறெதையும் நினைக்காதே" என்பதுதான் மொத்த உபதேசம். ஓரத்தில் போடு, மூலையில் போடு என்பதெல்லாம் கிடையாது. முழு பலத்தோடு எறிய வேண்டாம், நிதானமாகவே எறி என்பது ஏற்பாடு. இரண்டு ஸ்ட்ரைக் ஆன பிறகு மட்டும் ஓரத்தில் நிற்கும் வீவர் ஒரு விசில் அடிப்பார். அந்த விசில் கேட்டால், இருக்கிற வேகம் அத்தனையையும் காட்டலாம்! வீவரே சொன்ன விவரம் இது.

கதை கட்டுகிறேன் என்று நினைக்காதீர்கள். புள்ளி விவரம் இருக்கிறது. அந்த வருஷம் எல்மைராவில் டல்கௌஸ்கி எறிந்தது 160 இன்னிங்ஸ். அவுட் ஆக்கியது 192 பேர். நடக்கவிட்டது 114. அவனுடைய வாழ்க்கையில் முதன்முதலாக, இன்னிங்ஸுக்கு ஒருவருக்கும் குறைவாக நடக்கவிட்டிருந்தான். ஒன்பது இன்னிங்ஸுக்கு எதிராளிக்குக் கொடுத்த ஓட்டம் சராசரி 3.04. அந்தப் பருவத்தின் பின்பாதியில் அவன் எறிந்ததைப் பார்த்த அடிப்பவர்கள் பாவம்.

1963-ஆம் வருஷம் மார்ச் மாதம். பெரிய குழுவின் வசந்தப் பயிற்சி முகாம். ஆறு வருஷமாகக் காத்திருந்தது பலித்துவிட்டது. டல்கௌஸ்கியைப் பெரிய லீகுக்கு எடுத்துக்கொள்வதாகத் தீர்மானம். ஓரியோல்ஸ் சட்டைக்கு அளவுகூட எடுத்தாயிற்று. அந்த நாட்களிலேயே நியூயார்க் யாங்கீஸ் குழுவோடு ஒரு பயிற்சி ஆட்டம். நடுவில் அவனுடைய இடது முழங்கையில் ஏதோ 'படக்'கென்றது.

அவ்வளவுதான். கை பழையபடி வரவே இல்லை. வேகம் போய்விட்டது. வேகம் போன பிறகு அவனிடம் என்ன இருந்தது? இன்னும் இரண்டு மூன்று வருஷம் சின்ன ஊர்களில் இழுத்துப் பறித்துப் பார்த்தான். பிறகு கலிபோர்னியாவில் பேக்கர்ஸ்பீல்டு பக்கத்து வயல்களில் தினக்கூலிக்குப் பருத்தியும் பழமும் பறித்தான். குடி முற்றியது. எங்கே இருக்கிறான் என்பதே பல காலம் யாருக்கும் தெரியவில்லை. 1990-களில் அவனுடைய சகோதரிதான் தேடிப் பிடித்து நியூ பிரிட்டனுக்கு அழைத்து வந்து பராமரித்தார். இப்படிப்பட்ட கதைகளின் கடைசியில் எப்போதும் ஒரு சகோதரி வந்து நிற்கிறார், கவனித்தீர்களா?

வீவருக்கு என்ன ஆயிற்று? ஒரு விதத்தில் அவரும் எல்மைராவில்தான் தேறினார் என்று சொல்ல வேண்டும். அங்கே அவருடைய கோபமும் பிரசித்தம். அம்பயர் ஒருவரோடு சண்டை மூண்டபோது மூன்றாம் பேஸையே பிடுங்கிக்கொண்டு போய், உடை மாற்றும் அறைக்குள் பூட்டிக்கொண்டுவிட்டார் என்று ஒரு கதை உண்டு. பேஸ் இல்லாமல் எப்படி ஆடுவது? வெளியில் நின்று கதவைத் தட்டிக்கொண்டிருந்தார்களாம்!

1968-இல் ஓரியோல்ஸ் பெரிய குழுவுக்கு உதவியாளராகப் போனார். அந்த வருஷம் ஜூலையில் மானேஜரே ஆகிவிட்டார். ஆட்டக்காரராக எட்டிக்கூடப் பார்க்காத பெரிய லீகில், 1,480 வெற்றிகள். 1970-இல் உலகப் போட்டியில் வாகை சூடினார். ஐந்து வருஷங்களில் நூறோ அதற்கு மேலோ ஆட்டங்கள் வென்றார். அம்பயர்கள் அவரை ஆட்டத்திலிருந்து வெளியேற்றியது தொண்ணூறு தடவைக்கு மேல். அம்பயரின் மூக்குக்கு எதிரே மூக்கை வைத்துக் கத்துவதற்குத் தொப்பியின் முன்பக்கம் இடைஞ்சலாக இருக்கிறதென்று, தொப்பியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு போவார்! தக்காளிச் செடிக்குத் தண்ணீர் விட்ட மனிதரா இவர் என்று தோன்றும்.

இந்தப் பெருமைகளை எல்லாம் பேஸ்பால் புத்தகங்கள் பக்கம் பக்கமாக எழுதியிருக்கின்றன. எனக்குப் பிடித்தது அவர் வைத்திருந்த அட்டைகள். பால் கணக்கும் சலவைக் கணக்கும் நாம் குறித்து வைத்துக்கொள்வதைப்போல, எந்த அடிப்பவர் எந்த எறிபவரிடம் எப்படி ஆடினார் என்று சின்னச் சின்ன அட்டைகளில் குறித்து வைத்திருப்பார். கம்ப்யூட்டர் மைதானத்துக்குள் நுழையாத காலம் அது. பூக் பவல் என்று ஒரு பீமசேனர். 1970-இல் அந்த லீகிலேயே சிறந்த ஆட்டக்காரர் என்று பட்டம் வாங்கியவர். டெட்ராய்ட் குழுவின் மிக்கி லோலிச் என்பவரின் பந்து மட்டும் அவருக்குப் பிடிபடாது. சிக்கோ சால்மன் என்ற சாதாரண ஆட்டக்காரருக்கோ அந்த லோலிச்சின் பந்து அல்வா மாதிரி. அட்டையைப் பார்த்துவிட்டு, பீமசேனரை உட்கார வைத்துச் சால்மனை அனுப்புவார் வீவர். உட்கார வைக்கப்பட்டவருக்கு வருத்தம் இராதா? இருக்கும். "இன்றைக்கு இந்தக் காரியம் அவனால் முடியும், உன்னால் முடியாது" என்பதை முகத்துக்கு நேரே சொல்ல அவருக்குத் தயக்கம் இருந்ததில்லை. அந்த வார்த்தையை முதலில் தமக்கே சொல்லிக்கொண்டவர் அல்லவா?

சின்ன ஊர் நாட்கள் அவரை விட்டுப் போகவில்லை. எல்மைராவில் புல் வெட்டிய சாண்டரோன், வீவர் மானேஜரான மறு வருஷமே பால்டிமோருக்கு வந்து சேர்ந்தார். தக்காளியும் கூடவே வந்தது. இரண்டு பேருமாகத் தங்கள் பெயரைப் போட்டுத் தக்காளி உரம்கூட விற்றார்கள். 1960-இல் பாக்ஸ் சிட்டீஸில் அவருக்குக் காட்சராக ஆடியவர் கால் ரிப்கன் என்ற இளைஞர். அவரும் பெரிய லீகில் ஆடாமலே மானேஜரானவர்தான். அந்த 1960 ஆகஸ்டில் ரிப்கனுக்கு ஒரு பிள்ளை பிறந்தது. இருபத்திரண்டு வருஷம் கழித்து அந்தப் பிள்ளை ஓரியோல்ஸுக்கு ஆடிக்கொண்டிருந்தபோது, "இவ்வளவு உயரமான பிள்ளைக்கு அந்த இடம் ஒத்துவராது" என்று எல்லோரும் சொன்ன ஷார்ட்ஸ்டாப் இடத்தில் அவனைத் துணிந்து நிறுத்தியவர் வீவர். பிறகு 1998 வரையில் ஒரு நாள்கூட விடுமுறை எடுக்காமல் 2,632 ஆட்டங்கள் தொடர்ந்து ஆடிய கால் ரிப்கன் ஜூனியர் அவன்தான்.

1982-இல் வீவர் ஓய்வு எடுத்துக்கொண்டார். 1985-இல் கூப்பிட்டார்கள் என்று திரும்பி வந்து ஒன்றரை வருஷம் இருந்தார்; அது அவ்வளவு சோபிக்கவில்லை. 1996-இல் கூப்பர்ஸ்டவுன் என்ற ஊரில் உள்ள பேஸ்பால் கீர்த்தி மண்டபத்தில் அவருக்கு இடம் கிடைத்தது. 2013 ஜனவரியில், கப்பல் பிரயாணம் ஒன்றில், ஓரியோல்ஸ் ரசிகர்களுக்கு நடுவே அவர் காலமானார். வயது எண்பத்திரண்டு. தக்காளி காய்த்த மெமோரியல் ஸ்டேடியம் அதற்கு முன்பே இடிக்கப்பட்டுவிட்டது. ஓரியோல்ஸ் வேறு மைதானத்துக்குப் போய்விட்டார்கள்.

டல்கௌஸ்கி அவருக்குப் பிறகும் ஏழு வருஷம் இருந்தார். 2020 ஏப்ரலில் கொரோனா நோய் அவரைக் கொண்டு போயிற்று. அப்போது அவருக்கு வயது எண்பது. ஆனால் அதற்கு முன்பு, 2003-ஆம் வருஷம் செப்டம்பர் 8-ஆம் தேதி, ஓரியோல்ஸின் புது மைதானத்துக்கு அவரை அழைத்து வந்தார்கள். அந்த நாட்டில் ஒரு வழக்கம். ஆட்டம் தொடங்குவதற்கு முன் விருந்தாளி ஒருவரைக் கொண்டு மரியாதைக்காக ஒரு பந்து எறியச் சொல்வார்கள். அறுபத்து நாலு வயதில் டல்கௌஸ்கி பந்தைக் கையில் வாங்கிக்கொண்டு நின்றார். பீமசேனர் பூக் பவலும், எல்மைராவில் அவரோடு ஆடிய பாட் கில்லிக்கும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இடது கையைத் தூக்கி எறிந்தார்.

அந்த மரியாதைப் பந்துக்கு மட்டும் 'ஸ்ட்ரைக்' என்றோ 'பால்' என்றோ அம்பயர் கூவுவது வழக்கமில்லை.